தெருவை அடைத்த கொட்டகை: மனு எழுதும் முன் தெரிந்துகொள்ள வேண்டியவை

எங்கள் தெருமுனையில் ஒரு டீக்கடை. முதலில் ஒரு மேசையும் ஒரு ஸ்டவ்வும்தான். அடுத்த மழைக்காலத்தில் நான்கு சவுக்குக் கம்பும் தார்ப்பாயும் வந்தன. அதற்கடுத்த வருஷம் தகரக் கூரை, பிறகு சிமென்ட் திண்ணை. பக்கத்து வீட்டுப் பாட்டிக்கு மூச்சுத்திணறல் வந்த ராத்திரி, 108 வண்டி அந்த முனையில் திரும்ப முடியாமல் நின்றுவிட்டது. பாட்டியைப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்து நாலு பேர் தூக்கிக்கொண்டு ஓடினோம். பாட்டி பிழைத்துக்கொண்டார். மறுநாள் காலை தெருவே கடைக்காரரோடு சண்டைக்கு நின்றது. அந்தச் சண்டையில் திண்ணை ஓர் அங்குலம்கூட நகரவில்லை. ஏழு மாதம் கழித்து ஒரு நில அளவர் வந்து டேப்பை விரித்த அன்றுதான் விஷயம் முடிவுக்கு வரத் தொடங்கியது.

அந்த ஏழு மாதத்தில் ஐந்து மாதம் வீண். எங்கே போவது, என்ன கேட்பது என்று தெரியாததால் வீணானது. தமிழ்நாட்டில் இதே சிக்கலில் முதல்முறை மாட்டிக்கொண்டவர்களுக்கு அந்த ஐந்து மாதமாவது மிச்சமாகட்டும் என்றுதான் எழுதுகிறேன். நான் கற்றுக்கொண்டது ஒன்றுதான். தகராறு எனக்கும் கடைக்காரருக்கும் நடுவில் இருக்கும்வரை அது அக்கம்பக்கத்துச் சச்சரவு, எந்த அதிகாரியும் அதில் தலையிட விரும்பமாட்டார். ‘இந்தப் புல எண் (சர்வே நம்பர்), பதிவேட்டில் சாலை, அகலம் இவ்வளவு, இப்போது மிஞ்சியிருப்பது இவ்வளவு’ என்று அதை மாற்றிவிட்டால் அது கோப்பு. கோப்புக்கு யாராவது ஒருவர் பதில் சொல்லித்தான் ஆகவேண்டும்.

முதலில், அது யாருடைய சாலை?

பலரும் சறுக்குவது இங்கேதான். நாங்களும் சறுக்கினோம். பேரூராட்சிக்கு நடையாய் நடந்தோம். இரண்டு மாதம் கழித்து, ‘திண்ணையில் பாதி நெடுஞ்சாலைத் துறை எல்லையில் வருகிறது, அங்கே கேளுங்கள்’ என்றார்கள். தெருவும் பெரிய சாலையும் சந்திக்கும் முனைகளில் இது சகஜம்.

கிராமத்துக்குள் இருக்கும் தெருக்கள் பெரும்பாலும் ஊராட்சியின் பொறுப்பு. அங்கே செயல் அதிகாரம் ஊராட்சித் தலைவரிடம். அவருக்கு மேலே வட்டார வளர்ச்சி அலுவலர். ஊர்களை இணைக்கும் சில சாலைகள் ஊராட்சி ஒன்றியத்தைச் சேரும். பேரூராட்சியில் செயல் அலுவலரிடமும், நகராட்சி, மாநகராட்சியில் ஆணையரிடமும் போக வேண்டும். மாவட்டச் சாலைகளும் மாநில நெடுஞ்சாலைகளும் மாநில நெடுஞ்சாலைத் துறையின் கையில். அங்கே மனு கோட்டப் பொறியாளருக்கு. தேசிய நெடுஞ்சாலைக்கு வேறு நிர்வாகம், 2002ஆம் ஆண்டின் தனிச் சட்டம். சந்தேகமாக இருந்தால் கிலோமீட்டர் கல்லைப் பாருங்கள். தலை மஞ்சளாக இருந்தால் தேசிய நெடுஞ்சாலை, பச்சையாக இருந்தால் மாநில நெடுஞ்சாலை.

சாலையைப் பராமரிப்பது யாராக இருந்தாலும், அடியில் இருக்கும் நிலம் புறம்போக்கு என்றால் வருவாய்த் துறைக்கும் அதில் வேலை உண்டு. அதனால் மனுவின் நகல் ஒன்று எப்போதும் வட்டாட்சியருக்குப் போகட்டும்.

இன்னொன்றையும் பிரித்துப் பாருங்கள். பக்கத்து வீட்டுக்காரர் தன் பட்டா நிலத்துக்குள்ளேயே இடைவெளி விடாமல் கட்டியிருந்தால் அது சாலை ஆக்கிரமிப்பு ஆகாது. அது கட்டட அனுமதி மீறல். 1971ஆம் ஆண்டின் நகர் ஊரமைப்புச் சட்டப்படி, 56, 57 பிரிவுகளில் நடவடிக்கை எடுக்க வேண்டியது. இரண்டையும் ஒரே மனுவில் கலந்து எழுதினால் இரண்டும் நகராது.

பதிவேடு என்ன சொல்கிறது?

தெருவின் புல எண்ணைக் கண்டுபிடியுங்கள். கிராம நிர்வாக அலுவலரிடம் இருக்கும் கிராம வரைபடத்தில் பார்க்கலாம். உங்கள் வீட்டுப் பத்திரத்தில் நான்கெல்லை எழுதியிருக்கும் இடத்தில் ‘வடக்கில் தெரு’ என்று இருந்தால், உங்கள் புல எண்ணுக்கு வடக்கே ஒட்டியிருப்பதுதான் தெருவின் புல எண். பிறகு தமிழக அரசின் இ-சேவை இணையதளத்தில் அந்தப் புல எண்ணுக்கு அ-பதிவேடும் புல வரைபடமும் எடுக்கலாம். பல நகரங்களில் நகர நில அளவைப் பதிவேடு தனியாக இருக்கும். நத்தம், அதாவது கிராமத்துக் குடியிருப்புப் பகுதித் தெருவாக இருந்தால் நத்தம் வரைபடம் வேறு. அதையும் கேட்டு வாங்குங்கள்.

அ-பதிவேட்டில் வகைப்பாட்டைப் பாருங்கள். ‘சாலை’, ‘பாதை’, ‘வண்டிப்பாதை’, ‘வாய்க்கால்’ என்று எது எழுதியிருக்கிறதோ அதுதான் உங்கள் வழக்கின் முதுகெலும்பு. புல வரைபடத்தில் கோட்டுக்குக் கோடு அளவு போட்டிருக்கும். பழைய வரைபடமாக இருந்தால் அளவு லிங்க் கணக்கில் இருக்கும். 100 லிங்க் ஒரு சங்கிலி, அதாவது 66 அடி. எங்கள் தெருவுக்கு 30 லிங்க் போட்டிருந்தது. ஏறக்குறைய 20 அடி. டேப்பைப் போட்டுப் பார்த்தால் கடைமுனையில் 13 அடிதான் இருந்தது. கோபம் கோபமாகப் பேசிக்கொண்டிருந்த எங்கள் தெருக்காரர்கள் அந்த இரண்டு எண்களைப் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்ததும் அமைதியாகிவிட்டார்கள். இனி பேச வேண்டியது எண்கள்தான் என்று எல்லோருக்கும் புரிந்தது.

படம் எடுக்கும்போது டேப் தெரியும்படி எடுங்கள். தெருவின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை ஒருவர் டேப்பை இழுத்துப் பிடிக்க, எண் தெரியும்படி ஒரு படம். பின்னால் ஒரு மின்கம்பமோ வீட்டுக் கதவெண்ணோ தெரியும்படி தூரத்திலிருந்து இன்னொரு படம். மனிதர்களின் முகம் வேண்டாம். அதை வாட்ஸ்அப் குழுவில் போட்டு ஊரைக் கூட்டவும் வேண்டாம். அது சண்டையை வளர்க்கும், கோப்பை நகர்த்தாது.

ஒருமுறை நேரில் பேசுங்கள்

மனுவுக்கு முன்னால் ஒருமுறை, ஒரே ஒருமுறை, சம்பந்தப்பட்டவரிடம் பேசிவிடுங்கள். கூட்டமாகப் போகாதீர்கள். இரண்டு பேர் போதும். அதில் ஒருவர் அவர் மதிக்கிறவராக இருக்கட்டும். கடை நேரத்தில், வாடிக்கையாளர் முன்னால் வேண்டாம். ‘அண்ணே, வரைபடத்தில் இப்படி இருக்கு. திண்ணையை மட்டும் உள்ளே இழுத்துக்கிட்டா வண்டி திரும்பிடும்’ என்று தாளைக் கையில் வைத்துக்கொண்டு பேசுங்கள்.

அப்போது அவர் எடுத்துக் காட்டக்கூடிய காகிதங்கள் மூன்று: மின் இணைப்பு ரசீது, வரி ரசீது, ‘பி மெமோ’. மூன்றுமே இடத்தின் மீது உரிமை தருபவை அல்ல. பி மெமோ என்பது புறம்போக்கில் அனுமதியின்றி இருக்கிறார் என்று வருவாய்த் துறை எழுதிப் போட்ட தண்டத்தீர்வைக் காகிதம்; அது பட்டாவுக்கு முந்தைய படி என்று நம்பி இருபது வருஷம் பத்திரப்படுத்தி வைத்திருப்பவர்கள் உண்டு. அவர்களிடம் இதைச் சொல்லும்போது ஏளனம் வேண்டாம். யாரோ சொன்னதை நம்பிப் பணம் கட்டியவர்கள் அவர்கள்.

என்ன கோபம் இருந்தாலும் நீங்களே கடப்பாரையை எடுத்துவிடாதீர்கள். சாலை பொதுச் சொத்து என்பது சரிதான். ஆனால் தகரமும் சாமானும் அவருடையவை. சேதப்படுத்தினால் வழக்கு உங்கள்மேல் வரும். அதன் பிறகு உங்கள் மனுவை யாரும் நேர்மையாகப் பார்க்கமாட்டார்கள். போலீசுக்குப் போவதும் இந்தக் கட்டத்தில் உதவாது. அகற்ற உத்தரவிடுவது அவர்கள் வேலை இல்லை; அகற்றும் நாளில் பாதுகாப்புக்கு வருவதுதான் அவர்கள் வேலை.

மனு

மனு ஒரு பக்கத்தைத் தாண்ட வேண்டாம். கடைக்காரரின் குணம், அவருடைய அரசியல் தொடர்பு, போன தீபாவளிக்கு நடந்த வாய்த்தகராறு எதுவும் அதில் வரக்கூடாது. நாங்கள் கடைசியாகக் கொடுத்து வேலை நடந்த மனுவின் சாரம் இது:

‘பொருள்: … பேரூராட்சி, … வார்டு, புல எண் … சாலைப் புறம்போக்கில் உள்ள ஆக்கிரமிப்பை அளந்து அகற்றக் கோருதல்.

மேற்படி புல எண் அ-பதிவேட்டில் சாலை என வகைப்படுத்தப்பட்டுள்ளது. புல வரைபடப்படி அகலம் 30 லிங்க். தற்போது தெருமுனையில் 13 அடி மட்டுமே உள்ளது. இதனால் அவசர ஊர்தி திரும்ப இயலவில்லை. நில அளவர் மூலம் அளந்து, எல்லை காட்டி, எல்லைக்குள் உள்ள அனைத்துக் கட்டுமானங்களையும் சட்டப்படி அகற்றுமாறும், எடுத்த நடவடிக்கையை எழுத்துமூலம் தெரிவிக்குமாறும் கேட்டுக்கொள்கிறோம்.

இணைப்பு: அ-பதிவேடு, புல வரைபடம், படங்கள்.’

‘அனைத்துக் கட்டுமானங்களையும்’ என்ற சொல்லைக் கவனியுங்கள். ஒருவரை மட்டும் குறிவைத்தால், ‘மற்றவர்களை விட்டுவிட்டு என்னை மட்டும் ஏன்?’ என்று அவர் கேட்பார். அந்தக் கேள்வி நியாயமானது.

கையெழுத்துப் போடுகிறவர்கள் கதவெண்ணையும் கைபேசி எண்ணையும் எழுதட்டும். மொட்டைக் கடிதாசிக்கு மதிப்பில்லை. நேரில் கொடுத்தால் நகலில் தேதி முத்திரையோடு கையொப்பம் வாங்குங்கள். தர மறுத்தால் ஸ்பீடு போஸ்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். அதன் பிறகு திங்கட்கிழமை மாவட்ட ஆட்சியரகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர் கூட்டத்தில் அதே மனுவைக் கொடுத்து மனு எண்ணை வாங்கலாம். 1100 என்ற முதல்வரின் உதவி எண்ணிலும் பதிவு செய்யலாம். சென்னை மாநகராட்சிக்கு 1913. ஆனால் எங்கே கொடுத்தாலும் மனு சுற்றிச் சுற்றி அதே வட்டாட்சியர் மேசைக்கும் செயல் அலுவலர் மேசைக்கும்தான் வரும். பத்து இடத்தில் பத்து விதமாக எழுதினால் பத்து விதமான பதில் வரும். ஒரே மனு, ஒரே வாசகம் போதும்.

கிராமமாக இருந்தால் கிராம சபையை விட்டுவிடாதீர்கள். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய ஆறு நாட்களில் கூடுகிறது. ‘சாலைப் புறம்போக்கை அளந்து எல்லைக் கல் நட வேண்டும்’ என்று பொதுவாக ஒரு தீர்மானம் கொண்டுவந்து, பதிவேட்டில் ஏறிவிட்டதா என்று பார்த்துவிட்டே வீட்டுக்கு வாருங்கள். ஆளைச் சுட்டிக் கேட்டால் சபை இரண்டாகப் பிரிந்துவிடும். அளவை மட்டும் கேட்டால் பெரும்பாலும் யாரும் எதிர்க்கமாட்டார்கள்.

அளக்கிற நாள்

இந்த நாளைத் தவறவிடாதீர்கள். எப்போது வருவார் என்று முன்கூட்டியே கேட்டு, வேலைக்கு லீவு போட்டாவது நில்லுங்கள். எங்களுக்கு வந்த அளவர் முதலில் பழைய கல்லைத் தேடினார். யாருக்கும் தெரியவில்லை. தெருக்கோடி வீட்டுத் தாத்தாதான், ‘அந்தச் செம்பருத்திக்கு அடியில் பாருங்க’ என்றார். மண்ணை ஒரு அடி தோண்டியதும், மேலே கூட்டல் குறி வெட்டிய கருங்கல் தெரிந்தது. அங்கிருந்து டேப் ஓடியது. நான் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு போனேன். கடைமுனைக்கு வருவதற்கு முன்பே, எங்கள் வீட்டு வாசலில் அளவர் நின்றுவிட்டார். ‘சார், உங்க படியும் ஒன்றரை அடி வெளியே இருக்கு’ என்றார். அப்பா கட்டிய படி. அதில் உட்கார்ந்துதான் நான் பாடம் படித்தேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமையே கொத்தனாரைக் கூப்பிட்டுப் படியை இடித்து உள்பக்கமாகத் திருப்பிக் கட்டினோம். எதிர்வீட்டுக்காரர் சாய்தளத்தை வெட்டிக் குறைத்தார். எல்லோருடைய எல்லைமீறலும் ஒரே டேப்பில் தெரிந்துவிட்டதால், கடைக்காரரால் தன்னை ஒதுக்கிக் குறிவைக்கிறார்கள் என்று சொல்ல முடியவில்லை. அதனால், அளக்கச் சொல்லும் முன் உங்கள் வாசலை நீங்களே அளந்துகொள்ளுங்கள். எனக்கு அது முன்பே தோன்றியிருந்தால், கடைக்காரரோடு பேசப் போன அன்றைக்கே என் குரல் வேறாக இருந்திருக்கும்.

அளந்து முடித்ததும் வெறுமனே கலையாதீர்கள். அளவுக் குறிப்பும் வரைபடமும் தயாராகும். அதன் நகலைக் கேளுங்கள். தரையில் பெயின்ட் கோடு போட்டால் அன்றே படம் எடுத்துவிடுங்கள்.

நோட்டீஸ் எப்படி வரும்?

புறம்போக்கு நிலத்தில் வருவாய்த் துறை நடவடிக்கை எடுத்தால் அது 1905ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி நடக்கும். முதலில் 7ஆம் பிரிவு நோட்டீஸ்; ‘உங்களை ஏன் அகற்றக் கூடாது?’ என்று விளக்கம் கேட்பது. அதற்கு வரும் பதிலைப் பரிசீலித்த பிறகே 6ஆம் பிரிவில் வெளியேற்றும் உத்தரவு. வட்டாட்சியர் அலுவலகத்தில் ‘ஏழு நோட்டீஸ் போட்டாச்சா, ஆறு போட்டாச்சா’ என்று கேட்டாலே போதும், உங்களுக்கு விவரம் தெரியும் என்று புரிந்துகொள்வார்கள். மாநில நெடுஞ்சாலைத் துறை 2001ஆம் ஆண்டின் நெடுஞ்சாலைச் சட்டம் 28ஆம் பிரிவைப் பயன்படுத்தும். ஊராட்சிச் சாலைகளுக்கு 1994ஆம் ஆண்டின் ஊராட்சிகள் சட்டத்தில் 131ஆம் பிரிவு இருக்கிறது. நகர்ப்புறத்தில் பழைய நகராட்சிச் சட்டங்களின் இடத்தில் இப்போது 1998ஆம் ஆண்டின் நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டமும் அதற்கான 2023ஆம் ஆண்டு விதிகளும் வந்துவிட்டன. பழைய 1920ஆம் ஆண்டுச் சட்டத்தின் பிரிவைப் போட்டு யாராவது மனு எழுதித் தந்தால் திருத்திக்கொள்ளுங்கள்.

இடிப்பதற்கு முன் 15 நாள் நோட்டீஸ் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2024 நவம்பரில் சொன்னதை இரண்டு தரப்பும் மேற்கோள் காட்டுவார்கள். அதே தீர்ப்பில், சாலை, தெரு, நடைபாதை போன்ற பொது இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கு அந்த நெறிமுறை பொருந்தாது என்றும் இருக்கிறது. ஆனால் மேலே சொன்ன சட்டங்களில் உள்ள நோட்டீஸ் படிகள் இருக்கவே செய்கின்றன. அவற்றைத் தாண்டி அவசரப்படுத்தாதீர்கள். நோட்டீஸ் சரியாகப் போகாத ஒரே காரணத்துக்காக எதிர்த்தரப்பு தடையாணை வாங்கினால் மாதக்கணக்கில் நிற்க வேண்டியிருக்கும்.

நோட்டீஸ் உங்களுக்கே வந்திருந்தால், வாங்க மறுக்காதீர்கள். மறுத்தால் கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள், நாள் ஓடிவிடும். குறித்த தேதிக்குள் எழுத்தில் பதில் கொடுத்து, உங்கள் முன்னிலையில் அளக்கச் சொல்லிக் கேளுங்கள். மேல்முறையீட்டுக்கும் நில ஆக்கிரமிப்புச் சட்டத்தில் வழி உண்டு. வழக்கறிஞருக்குச் செலவழிக்க முடியாதவர்கள் நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு.

தள்ளுவண்டியும் கோயிலும்

நகரத்துச் சாலையோர வியாபாரிகளை இதே கண்ணோடு பார்க்கக் கூடாது. 2014ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களுக்குத் தனிப் பாதுகாப்பு தருகிறது. இடம் மாற்றவோ அகற்றவோ 30 நாள் முன்னறிவிப்பு வேண்டும். பொருளைப் பறிமுதல் செய்தால் பட்டியல் போட்டுத் தர வேண்டும். அழுகும் பொருளை அன்றைக்கே திருப்பித் தர வேண்டும், மற்றதை இரண்டு வேலை நாளுக்குள். நகர விற்பனைக் குழுவில் குறைந்தது 40 சதவீதம் வியாபாரிகளின் பிரதிநிதிகள். பூக்கார அம்மாவின் கூடையால் உங்களுக்கு இடைஞ்சல் என்றால், அகற்றச் சொல்லாமல், பத்தடி தள்ளி இடம் ஒதுக்கச் சொல்லி அந்தக் குழுவிடம் கேளுங்கள். பெரும்பாலும் அதுவே போதும்.

வழிபாட்டு இடம் என்றால் தனியாளாக இறங்காதீர்கள். பொதுச் சாலையில் புதிதாகக் கோயிலோ தேவாலயமோ மசூதியோ கட்டக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2009 செப்டம்பர் 29 அன்று உத்தரவிட்டது. ஏற்கெனவே இருப்பவற்றை ஒவ்வொன்றாகப் பரிசீலிக்கச் சொன்னது. 2013 ஜனவரியில் சிலைகளுக்கும் அப்படியே. நடைமுறையில் வட்டாட்சியரோ கோட்டாட்சியரோ அமைதிப் பேச்சுவார்த்தைக் கூட்டம் போடுவார்கள். போங்கள், பேசுங்கள். கூட்ட நடவடிக்கைக் குறிப்பில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

கோப்பு தூங்கினால்

மனு கொடுத்து ஒன்றிரண்டு மாதம் அசைவில்லை என்றால் தகவல் உரிமைச் சட்டம். பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, அதே அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு அனுப்புங்கள். ‘ஏன் நடவடிக்கை எடுக்கவில்லை?’ என்று கேட்காதீர்கள். அது தகவல் இல்லை என்று தள்ளிவிடலாம். நகலாகக் கேளுங்கள்: எனது இன்ன தேதி மனு மீது எழுதப்பட்ட கோப்புக் குறிப்புகளின் நகல், அனுப்பிய நோட்டீஸ்களின் நகல், அந்த இடத்துக்கு உரிமம் ஏதேனும் வழங்கியிருந்தால் அதன் நகல். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. எங்கள் கோப்பு அசைந்தது இந்தக் கடிதம் போன பிறகுதான்.

உயிருக்கு ஆபத்தான இடைஞ்சலாக இருந்தால், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133ஆம் பிரிவுக்குப் பதிலாக வந்திருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152ஆம் பிரிவில் கோட்டாட்சியரிடம் மனு செய்யலாம். அதற்கும் மேலே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. தென் மாவட்டங்களுக்கு மதுரை அமர்வு. அங்கேயும் முதலில் கேட்பது, ‘அதிகாரியிடம் மனு கொடுத்தீர்களா, ஆதாரம் எங்கே?’ என்றுதான். முத்திரை வாங்கிய அந்த நகல் இங்கே உதவும். பல வழக்குகளில் நீதிமன்றம், மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து உத்தரவிடுங்கள் என்று அதிகாரிக்குச் சொல்லி முடித்துவிடும். அது தோல்வி அல்ல. அன்றுமுதல் அந்த மேசையில் உங்கள் கோப்புக்குக் கெடு இருக்கிறது.

அகற்றிய பிறகு

கொட்டகை போன மறுநாளே வேலை முடிந்ததாக நினைத்துவிடுவோம். காலி இடம் காலியாகவே கிடந்தால் மூன்று மாதத்தில் ஒரு பைக்கும் ஒரு கட்டிலும் வந்து சேரும். ஆகவே எல்லைக் கல் நடவும், மீட்ட இடத்தில் வடிகால் மூடியோ நடைபாதையோ தெருவிளக்கோ போடவும் சொல்லி அப்போதே இன்னொரு மனு கொடுங்கள். எங்கள் பேரூராட்சி வடிகாலுக்கு மூடி போட்டுக் கொடுத்தது.

டீக்கடைக்காரருக்கு அதே சாலையில் நாற்பதடி தள்ளி, வாடகைக்கு ஒரு சின்னக் கடை கிடைத்தது. அதைத் தேடிக் கொடுத்தது பாட்டியின் மகன்தான். முனையில் இப்போது மூன்று கற்கள் இருக்கின்றன. செம்பருத்திக்கு அடியில் இருந்த பழைய கல்லைச் சுற்றி மண்ணை ஒதுக்கி, தலை தெரியும்படி வெள்ளையடித்து வைத்திருக்கிறார் தாத்தா.